அக்கா விட்ட சொட்டு

லேசர் செய்துகொண்ட பிறகு கண்ணில் தண்ணீர் படாமல் எப்படிப் பார்த்துக்கொள்வது என்று என்னிடம் நிறையப் பேர் கேட்கிறார்கள். நான் அறந்தாங்கியில் பெண்களுக்கு ஸ்கூட்டி ஓட்டக் கற்றுக்கொடுப்பவள். பழக வருகிறவர்களில் பாதிப் பேர் கண்ணாடி போட்டவர்கள். என் மூக்கின் மேலிருந்த கண்ணாடி திடீரென்று காணாமல் போனதும், "எங்க பண்ணீங்கக்கா, வலிக்குமா, எத்தன நாளு குளிக்கக் கூடாது?" என்று ஆரம்பித்துவிடுகிறார்கள். சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது. அதோடு, வாயால் சொல்லும்போது பாதியை விழுங்கிவிடுகிறேன். இங்கே விழுங்கப் போவதில்லை.

ஆறாம் வகுப்பில் கண்ணாடி போட்டேன். வருடத்துக்கு வருடம் பவர் ஏறி மைனஸ் ஏழில் வந்து நின்றது. கண்ணாடியைக் கழற்றினால் எதிரே வருவது பஸ்ஸா மாடா என்று சத்தத்தை வைத்துத்தான் சொல்வேன். ஹெல்மெட்டுக்குள் கண்ணாடி, கண்ணாடிக்குள் வேர்வை, மழை வந்தால் எல்லாமே ஆவி. பின்னால் உட்கார்ந்து "பிரேக்கப் பிடிங்க" என்று கத்துகிறவளுக்கே முன்னால் இருப்பது தெரியவில்லை என்றால் ஓட்டுகிறவள் என்ன செய்வாள்? ஒரு மழை நாளில் நானும் என்னிடம் பழக வந்த டீச்சர் ஒருவரும் கட்டுமாவடி ரோட்டோரம் குவித்திருந்த ஜல்லியில் போய் ஏறினோம். அவருக்கு முழங்கையில் சிராய்ப்பு, எனக்கு மானம் போயிற்று. குவைத்தில் இருக்கும் என் வீட்டுக்காரரிடம் அன்றைக்கே சொன்னேன். "பண்ணிரு வசந்தி, எத்தன நாளைக்கு இந்தப் பாடு" என்றார்.

திருச்சியில் ஒரு கண் ஆஸ்பத்திரி. துணைக்கு அக்கா வந்தாள். அம்மா போனபிறகு எனக்கு எல்லாவற்றுக்கும் அக்காதான். அன்னவாசல் பக்கம் ஒரு கிராமத்தில் வாழ்க்கைப்பட்டவள். அத்தானும் மகள் தீபாவும் அவளும் மட்டும் உள்ள வீடு. பரிசோதனை அன்று கண் பாப்பாவை விரிய வைக்கும் மருந்தை விட்டு உட்கார வைத்துவிட்டார்கள். அந்த மருந்து விட்டால் பக்கத்தில் இருப்பது எதுவும் தெரியாது, வெளிச்சம் ஊசியாகக் குத்தும். அக்கா தன் முந்தானையை என் முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு அந்தக் கூடம் முழுக்க இருந்த பேஷண்டுகளின் கதையை எனக்குச் சொல்லிக்கொண்டிருந்தாள். யாருக்கு சர்க்கரை, யார் மருமகள் வரவில்லை, யார் பையன் டாக்டரிடம் சண்டை போட்டான். கருவிழியின் கனம், மேடு பள்ளம் எல்லாம் கம்ப்யூட்டரில் அளந்து பார்த்துவிட்டு, செய்யலாம் என்றார் டாக்டரம்மா.

என்ன செய்வார்கள் என்பதை எனக்குப் புரிந்த வகையில் சொல்கிறேன். கண்ணின் முன்னால் கண்ணாடி போல இருக்கும் கருவிழியில் மேலாக ஒரு மெல்லிய தோலை வட்டமாக அறுத்து, ஒரு ஓரத்தை மட்டும் விட்டுவிட்டு, மூடியைத் திறப்பது போலத் திறப்பார்கள். அடியில் இருப்பதை லேசர் கொஞ்சமாகச் செதுக்கும். பிறகு மூடியை மூடிவிடுவார்கள். தையல் கிடையாது, அது தானாகத்தான் ஒட்டவேண்டும். வலியில்லை. ஒரு அழுத்தம், கருகும் வாடை, அவ்வளவுதான். எழுந்து உட்கார்ந்தபோது சுவரில் மாட்டியிருந்த கடிகாரத்தில் முள் தெரிந்தது. கண்ணாடி இல்லாமல் கடிகாரத்தில் முள் பார்த்தது எனக்கு நினைவு தெரிந்து அதுதான் முதல் தடவை. அழுகை வந்தது. "அழுங்க, பரவால்ல, கசக்க மட்டும் கூடாது" என்றாள் நர்ஸ்.

வெளியே அக்காவையும் என்னையும் உட்கார வைத்து அந்த நர்ஸ் பாடம் எடுத்தாள். ஒட்டாத மூடிக்குள் தண்ணீர் போனால் அதோடு கிருமியும் போகும். வீக்கம் வராமலிருக்க ஸ்டீராய்டு சொட்டு மருந்து கொடுக்கிறோம், அது கண்ணின் எதிர்ப்புச் சக்தியைக் குறைக்கும், அதனால் உள்ளே போன கிருமிக்குக் கொண்டாட்டம். தலைக்குக் குளிக்கக் கூடாது. முகம் கழுவக் கூடாது, ஈரத்துணியால் துடைக்கலாம், அதுவும் கண்ணைச் சுற்றி விட்டுவிட்டு. தூங்கும்போது பிளாஸ்டிக் மூடி, வெளியே வந்தால் கருப்புக் கண்ணாடி. சொட்டு மருந்து மூன்று பாட்டில்: கிருமிக்கு ஒன்று, வீக்கத்துக்கு ஒன்று, கண் காயாமலிருக்கக் கண்ணீர் போல ஒன்று.

"நான் இருக்கும்போது இவ கண்ணுல ஒரு பொட்டுத் தண்ணி பட்டுருமா? நீங்க ஒண்ணுக்கும் கவலப்படாதீக" என்றாள் அக்கா.

அதனால்தான் அறந்தாங்கிக்குப் போகாமல் அக்கா வீட்டுக்குப் போனேன். என் வீட்டில் ஆளில்லை. அதோடு, எனக்கு நானே மருந்து விட்டுக்கொள்ள வராது. பாட்டில் நெருங்கினாலே கண் தானாக மூடிக்கொள்ளும்.

அக்கா காவலிருந்ததைச் சொல்லியாகவேண்டும். நியாயம் என்று ஒன்று இருக்கிறது. பெஞ்சில் என்னை மல்லாக்கப் படுக்க வைத்துத் தலையைத் தொங்கவிட்டு, நெற்றியில் துண்டைச் சுற்றிக் கட்டி, பியூட்டி பார்லர்காரி தோற்றாள் என்கிற மாதிரி தலையை அலசிவிட்டாள். வாசலில் பிள்ளைகள் குழாயடியில் தண்ணீர் அடித்து விளையாடினால் துடைப்பத்தோடு கிளம்பிவிடுவாள். வெங்காயம் அரிகிறபோது என்னைப் பின்கட்டுக்கு விரட்டினாள். ஒருநாள் கொல்லையில் நின்றுகொண்டிருந்தேன், தூறல் விழ ஆரம்பித்தது. மீன் கழுவிக்கொண்டிருந்தவள் அந்தச் சட்டியை அப்படியே கவிழ்த்துக் கொட்டிவிட்டு ஓடிவந்து என் தலையில் கவிழ்த்தாள். வீட்டுக்குள் வந்து சேரும்வரை சிரித்தோம். அடுத்த தடவை பெஞ்சில் அலசிவிடும்வரை இரண்டு நாள் தலையில் மீன் வாடை, நினைத்தபோது குளிக்கத்தான் முடியாதே.

வேளாவேளைக்கு மருந்தும் அவள்தான். "அண்ணாந்து பாருடி, மேல பாரு" என்பாள். கட்டைவிரலால் கீழ் இமையை இழுத்து, சொட்டு விழுந்ததும் மூக்கோரத்தில் விரலை வைத்து அழுத்துவாள். நர்ஸ் சொல்லிக்கொடுத்தது அப்படியே. நான் கண்ணை மூடிக் கிடப்பேன். எந்தப் பாட்டில் என்று ஒருநாளும் கேட்டதில்லை. கேட்கவேண்டும் என்று தோன்றவே இல்லை.

முதல் வாரம் முடிகிற சமயத்தில் பார்வை கொஞ்சம் மங்கலடித்தது. காலையில் பளிச்சென்று இருக்கும், சாயந்திரம் விளக்கைச் சுற்றி வட்டம் வட்டமாகத் தெரியும். இதெல்லாம் வரும், போய்விடும் என்று ஆஸ்பத்திரியில் முன்பே சொல்லியிருந்தார்கள். நான் சும்மா இருந்திருக்கலாம், "என்னக்கா மங்கலா இருக்கு" என்று சொல்லிவிட்டேன். அக்கா முகம் மாறிப்போயிற்று. மறுநாள் வெள்ளிக்கிழமை. ஊர் மாரியம்மன் கோயிலுக்குப் போய்விட்டு வந்தவள் ஒரு சின்ன பாட்டிலை எடுத்து வைத்தாள்.

எங்கள் பக்கம் கண்ணுக்கு ஒன்று என்றால் அம்மனுக்குக் கண்மலர் சாத்துவதாக வேண்டிக்கொள்வது வழக்கம். வெள்ளித் தகட்டில் கண் போலச் செய்து விற்பார்கள், அதை வாங்கி அம்மன் காலடியில் வைப்பது. அது போதாதென்று, அம்மனுக்கு அபிஷேகம் செய்த தண்ணீரைப் பிடித்து வந்து நோவுள்ள கண்ணில் விடுவதும் உண்டு. மஞ்சளும் வேப்பிலையும் கலந்த ஊருணித் தண்ணீர். தீபாவுக்குச் சின்னதில் கண்ணு நோவு வந்தபோது அதை விட்டுத்தான் சரியாயிற்றென்பது அக்காவின் கட்சி.

"ஒரே ஒரு சொட்டுடி. ஆத்தா மேல பாரத்தப் போட்டு விடுவோம்."

"அக்கா, ஒனக்குப் புத்தி இருக்கா? அந்த நர்ஸ் என்ன சொன்னுச்சு? தண்ணி படக்கூடாதுன்னு சொன்னுச்சா இல்லையா?"

"இது தண்ணியாடி?"

"பின்ன என்னா? ஊருணியில மாடு குளிக்கிது."

அப்படிச் சொன்னதும் அவள் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். பிறகு, "சரி விடு, ஒனக்கு நம்பிக்க இல்லன்னா வேண்டாம்" என்று பாட்டிலைக் கொண்டுபோய்ச் சாமி படத்துக்குப் பக்கத்தில் வைத்தாள். சண்டை அதோடு முடிந்தது என்று நினைத்தேன். சாப்பாட்டுக்கு எனக்குப் பிடித்த கருவாட்டுக் குழம்பு வைத்திருந்தாள்.

சொட்டு மருந்து கண்ணில் விட்டால் தொண்டையில் தெரியும். இது பலருக்குத் தெரியாது. கண்ணின் மூக்கோரத்தில் சிறிய ஓட்டை இருக்கிறது, அதன் வழியாக மூக்குக்கும் தொண்டைக்கும் இறங்கும். கிருமி மருந்து கசக்கும். கண்ணீர் மருந்துக்கு ருசியே கிடையாது. அன்று சாயந்திரம் கண்ணீர் மருந்து விட்டபோது தொண்டையில் கசந்தது.

"என்னக்கா, கண்ணீர் மருந்து கசக்குது?"

"புதுப் பாட்டிலுடி. பழசு தீந்துபோச்சு."

புதுப் பாட்டில் என்றால் வேறு கம்பெனியாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். கேள்வி கேட்டவள் நான், பதில் சொன்னவள் அக்கா, அதற்குமேல் என்ன இருக்கிறது?

இரண்டாவது வாரம் ஒரு காலையில் வலது கண்ணைத் திறக்க முடியவில்லை. மணல் அள்ளிப் போட்ட மாதிரி உறுத்தல், செக்கச் சிவப்பு. ஜன்னல் வெளிச்சத்தைப் பார்த்தால் மண்டைக்குள் வெட்டியது. இடது கண்ணை மூடிவிட்டு வலது கண்ணால் பார்த்தேன். எதிரே நின்ற அக்கா பாலுக்குள் நிற்பது போலத் தெரிந்தாள். அத்தான் கார் பிடித்து வந்தார். விராலிமலை வழியாகத் திருச்சி போகும்வரை அக்கா என் தலையைத் தன் தோளிலிருந்து எடுக்கவிடவில்லை. அவள் உடம்பு நடுங்கிக்கொண்டே இருந்தது. எனக்காகப் பயப்படுகிறாள் என்று நான்தான் அவளுக்குத் தைரியம் சொன்னேன்.

டாக்டரம்மா கருவியில் என் தாடையை வைத்துப் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார்.

"மூடிக்கு அடியில கிருமி போயிருக்கு. வெள்ளையா புள்ளி தெரியுது. கண்ணுல தண்ணி எதுவும் பட்டுச்சா?"

"இல்லைங்க."

"குளிக்கும்போது? மழையில? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. எந்தத் தண்ணின்னு தெரிஞ்சா மருந்து குடுக்கிறது சுலபம். குழாத் தண்ணி கிருமி வேற, குளத்துத் தண்ணி கிருமி வேற."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. இத்தனை நாள் மீன் வாடையோடு கிடந்தவளைப் பார்த்து இப்படியா கேட்பது! "டாக்டர், எங்க அக்கா என்னைய ஒரு தூறல்கூட படாம பாத்துக்கிட்டாங்க. அவங்க இருக்கிறப்ப ஒரு சொட்டுத் தண்ணி படுமா? நீங்களே கேளுங்க" என்று பின்னால் திரும்பி அக்காவைக் காட்டினேன்.

டாக்டரம்மா அக்காவைப் பார்த்தார். அக்கா தலையை ஆட்டினாள். படவில்லை என்று ஆட்டினாள்.

அன்றே சேர்த்தார்கள். ஒட்டிக்கொண்டிருந்த மூடியை மறுபடி திறந்து, புள்ளியைச் சுரண்டி எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். என்ன கிருமி என்று வளர்த்துப் பார்த்துத்தான் சொல்லமுடியும், அதற்கு நாளாகும், அதுவரைக்கும் பொதுவாக எல்லாக் கிருமிக்குமான மருந்து. மணிக்கொரு தரம், ராத்திரி பகல் கிடையாது. ஆஸ்பத்திரியிலேயே வீரியம் கூட்டித் தயாரித்த மருந்து, விட்டால் மிளகாய் அரைத்த கையால் தொட்டது போல எரியும். "இதுக்கு அடங்கலன்னா கருவிழியில தழும்பு விழும். ரொம்ப உள்ள போயிட்டா கருவிழிய மாத்த வேண்டியிருக்கும்" என்று டாக்டரம்மா மறைக்காமல் சொன்னார். இடது கண்ணுக்கும் முன்னெச்சரிக்கையாக மருந்து ஓடியது.

அந்த வார்டில் படுத்துக்கொண்டு நான் நினைத்ததெல்லாம் வண்டியைத்தான். ஒற்றைக் கண்ணோடு யார் என்னிடம் வண்டி பழக வருவார்கள்? லைசென்ஸ் என்னாகும்? குவைத்திலிருந்து என் வீட்டுக்காரர் கூப்பிடும்போதெல்லாம் "அதெல்லாம் சரியாப் போயிரும்" என்பார், போனை வைத்த பிறகு அவரும் அழுதிருப்பார் என்று எனக்குத் தெரியும். பக்கத்துக் கட்டிலில் மணமேல்குடிக்காரம்மா ஒருவர், மீன் வலையில் இருந்த முள் குத்திக் கண் போனவர். மருமகள் கொண்டுவரும் இட்லியில் எனக்கும் இரண்டு எடுத்து வைப்பார். "சாப்புடு ஆத்தா, வயித்தக் காயப்போட்டா கண்ணு தெரிஞ்சிருமா?" என்பார். பில்லைப் பற்றி எழுத எனக்கு மனமில்லை. கண் வைத்தியத்தில் காசு பாடாய்ப்படுத்தும், அவ்வளவு சொன்னால் போதும்.

மருந்து விட்டும் புள்ளி பெரிதாகிக்கொண்டே போயிற்று. ஒவ்வொரு காலையும் டாக்டரம்மா கருவியில் பார்ப்பார், உதட்டைக் கடிப்பார், அதே கேள்வியைக் கேட்பார். நானும் அதே பதிலைச் சொல்வேன். அக்கா காலடியில் உட்கார்ந்து என் பாதத்தைப் பிடித்துவிட்டுக்கொண்டிருப்பாள். அவள் சரியாகச் சாப்பிடவில்லை. ஊர்க் கோயில் இருக்கும் திசையில் திரும்பி முணுமுணுத்துக்கொண்டே இருந்தாள். நான் மணமேல்குடி அம்மாவிடம் சொன்னேன், "எங்க அக்காவப் பாருங்க, எனக்காக எப்புடி எளச்சுப் போனா" என்று. அந்த வார்த்தையை நினைத்தால் இப்போதும் என் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது.

பிறகு ஒரு மதியம் டாக்டரம்மா வழக்கமில்லாத நேரத்தில் வந்தார். அக்கா பக்கத்தில் இல்லை. நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார்.

"வசந்தி, மருந்த மாத்துறேன். எந்தத் தண்ணின்னு தெரிஞ்சிருச்சு. உங்க அக்கா நர்ஸ்கிட்ட சொல்லிட்டாங்க."

எனக்குப் புரியவில்லை. "என்ன சொன்னா?"

அவர் சொன்னார். தீர்ந்துபோன கண்ணீர் மருந்துப் பாட்டிலின் மூக்கைக் கத்தியால் நெம்பி எடுத்து, தீர்த்தத்தை ஊற்றி, மூக்கைத் திரும்பப் பொருத்தி, எனக்கு விட்டிருக்கிறாள். வெள்ளிக்கிழமையும் செவ்வாய்க்கிழமையும். மேல பாருடி என்று சொல்லி, இமையை இழுத்து, மூக்கோரம் அழுத்தி.

வேலியே பயிரை மேய்ந்தது என்பார்கள். அதைப் பழமொழியாகக் கேட்பது வேறு, பயிராக இருப்பது வேறு. கட்டிலை விட்டு இறங்கினேன். டாக்டரம்மா தடுத்தார். கேட்கவில்லை. வராந்தாவில் குடிதண்ணீர் மெஷினுக்குப் பக்கத்தில் அக்கா நின்றுகொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் சுவரோடு சுவராக ஒட்டினாள்.

"வேண்டாம்னு சொன்னேன்ல? ஒன் முன்னாடியே சொன்னேன்ல?"

"மங்கலா இருக்குன்னு நீ அழுவுற மாதிரி சொன்ன. எனக்குப் பொறுக்கலடி. துணியில வடிகட்டித்தான் ஊத்துனேன். ஒரு தூசி இல்ல."

பின்னாலேயே ஓடிவந்த நர்ஸுக்கு ஆற்றாமை. "ஏம்மா, கொதிக்க வச்சாவது ஊத்தியிருக்கக் கூடாதா?" என்றாள்.

அக்கா அவளை ஏதோ கேட்கக்கூடாததைக் கேட்டவளைப் போலப் பார்த்தாள். "தீர்த்தத்த யாராச்சும் அடுப்புல வைப்பாகளா?"

அந்தப் பதிலுக்கு எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. அவ்வளவு கோபத்திலும் வந்தது. சிரிப்பு நின்றபிறகு கேட்டேன். "சரி, விட்டதுதான் விட்ட. டாக்டர் கேட்டாகள்ல? ஒரு தடவையா ரெண்டு தடவையா? தெனம் கேட்டாகள்ல? நான் ஒன்னையக் காட்டிப் பெருமையாச் சொன்னேன். நீ தலைய ஆட்டுனியே. ஏங்க்கா ஆட்டுன?"

அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

தீர்த்தம் விட்டதை மன்னித்துவிடலாம். அன்பு கண்ணை மறைத்தது, பக்தி அறிவை மறைத்தது என்று யாராவது சொன்னால் கேட்டுக்கொள்ளலாம். ஆனால் என் கண்ணுக்குள் புள்ளி வளர்ந்துகொண்டிருந்த ஒவ்வொரு காலையும், அது எந்தத் தண்ணீர் என்று தெரிந்த ஒரே ஆள் என் காலடியில் உட்கார்ந்து என் பாதத்தைப் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தாள். அதை என்னால் இன்னும் விழுங்க முடியவில்லை. கடைசியில் சொன்னபோதும் என்னிடம் சொல்லவில்லை, முன்பின் தெரியாத நர்ஸிடம் சொன்னாள். அக்காவை ஊருக்கு அனுப்பிவிடச் சொல்லி அத்தானுக்குப் போன் செய்தேன். அவள் போகும்போது நான் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்தேன்.

குளத்து நீரில் இருக்கும் கிருமிக்கென்று வேறு மருந்து வந்தது. பரிசோதனை முடிவும் அதையே சொன்னது. அதன்பிறகு நர்ஸ் மருந்து விட வரும்போதெல்லாம் பாட்டிலைக் கேட்டு வாங்கினேன். இரண்டு கண்ணிலும் மருந்து ஓடியதால் பெயரைப் படிக்கப் பார்வை போதாது, இருந்தாலும் கையில் வாங்கி, மூடியைத் தடவி, முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் கொடுப்பேன். எல்லாருக்கும் அவசரம் இருக்கும், அந்த நர்ஸ் ஒருநாளும் முகம் சுளித்ததில்லை. "பாத்துட்டீங்களா? இப்ப விடவா?" என்று கேட்டுவிட்டுத்தான் விடுவாள். மருந்து விட மட்டும் நான் யாரையும் நம்புவதில்லை என்று முடிவு செய்து, அவளிடமே எனக்கு நானே விட்டுக்கொள்ளப் பழகிக்கொண்டேன். கீழ் இமையை இழுத்துப் பிடித்துக்கொண்டு, பாட்டிலைப் பார்க்காமல் கூரையைப் பார்க்கவேண்டும். முதலில் மூன்று சொட்டு கன்னத்தில் விழுந்தால் ஒன்று கண்ணில் விழும்.

புள்ளி சுருங்கியது. கருவிழி மாற்றவேண்டிய நிலைமை வரவில்லை. வலது கண்ணில் ஓரமாக ஒரு தழும்பு இருக்கிறது, பனிக்காலத்து ஜன்னல் மாதிரி. எதிரே வரும் லாரி லைட் அந்தக் கண்ணில் சிதறும், அதனால் இருட்டிய பிறகு நான் வண்டி எடுப்பதில்லை. பகலில் ஓட்டலாம், கற்றுக்கொடுக்கலாம் என்று டாக்டரம்மா சொன்ன நாளில்தான் சரியாகத் தூங்கினேன்.

அறந்தாங்கிக்கு வந்து ரொம்ப நாள் அக்காவோடு பேசவில்லை. அவள் கூப்பிட்டால் எடுப்பேன், "ம்" என்பேன், வைத்துவிடுவேன். அவள் கண்மலர் சாத்திவிட்டாள் என்று தெரியவந்தது. அது மட்டுமென்றால் பரவாயில்லை. ஊரில், "என் தங்கச்சி கண்ண டாக்டரே கைவிட்டாக, ஆத்தா தீர்த்தந்தான் மீட்டுக் குடுத்துச்சு" என்று சொல்லிக்கொண்டு திரிகிறாள் என்று, அந்த ஊரிலிருந்து அறந்தாங்கிக்கு வாழ்க்கைப்பட்டு வந்து என்னிடம் வண்டி பழகிய ஒரு பெண் என்னிடமே வந்து சொன்னது. அந்தப் பெண்ணுக்கு ஒன்றும் தெரியாது, என்னிடம் தீர்த்தத்தின் மகிமையைக் கேட்க ஆசை. நான் வண்டியை ஓரங்கட்டச் சொல்லி, அன்றைய வகுப்பு முடிந்தது என்றேன்.

பிறகு போன மாதம் அக்கா நேரிலேயே வந்தாள். சொல்லாமல் கொள்ளாமல் வந்து கூடத்தில் நின்றாள். நான் கண்டபடி பேசினேன். ஊரெல்லாம் சொல்லித் திரிகிறாயே, வெட்கமாக இல்லையா என்று கேட்டேன். அவள் தலைகுனிந்து கேட்டுக்கொண்டாள், மறுத்துப் பேசவில்லை. நான் ஓய்ந்தபிறகு வந்த காரியத்தைச் சொன்னாள்.

"தீபாவுக்கு பவரு ஏறிக்கிட்டே போவுது. அவளுக்கும் லேசரு பண்ணணுங்கிறா. படிப்பு முடியவும் பண்ணலாம்னு அத்தானும் சொல்றாக."

"பண்ணு. எங்கிட்ட எதுக்கு வந்த?"

"ஆபரேஷன் முடியவும் அவள இங்கிட்டுக் கொண்டாந்து விட்டுர்றேன். நீ வச்சு மருந்து விடு. நல்லா ஆவுற வரைக்கும் என்னைய உள்ள விடாத. நான் கெஞ்சுனாலும் விடாத."

"ஏன்? இனிமே அப்புடிச் செய்யமாட்டேன்னு சொல்ல வேண்டியதுதான?"

அக்கா நிமிர்ந்து என் வலது கண்ணைப் பார்த்தாள். இத்தனை நாளில் அதை அவள் நேராகப் பார்த்தது அப்போதுதான்.

"செய்வேண்டி. புள்ள மங்கலா இருக்குன்னு சொன்னா எனக்குத் தாங்காது. மறுபடியும் செய்வேன்."

தீர்த்தம் பிடித்து வந்த அந்த வெள்ளிக்கிழமையிலிருந்து அன்றுவரை அவள் என்னிடம் சொன்னதில் அது ஒன்றுதான் பொய்யில்லாத வார்த்தை. நான் சரி என்றேன்.